அருவி, கோயில், சந்தை: பாங்காக்கிலிருந்து ஒரே நாளில் காஞ்சனபுரி போய்வர முடியுமா?

கேட்டிருப்பது சுருக்கமாக இது. நவம்பர் கடைசியில் ஒரு குடும்பம் நான்கு நாள் பயணமாகப் பாங்காக் போகிறது. கணவன், மனைவி, பத்து வயதுப் பையன், அறுபத்தைந்தைத் தாண்டிய அப்பா அம்மா, ஆக ஐந்து பேர். ஏஜென்ட் ஒருவர் ஏசி வேன், கைடு, மதியச் சாப்பாடு எல்லாம் சேர்த்து ஒருநாள் பேக்கேஜ் அனுப்பியிருக்கிறார். தண்டவாளத்தின் மேலேயே கடை விரிக்கும் மேக்லாங் ரயில் மார்க்கெட், தம்னோன் சதுவாக் மிதக்கும் சந்தை, பிறகு காஞ்சனபுரி மாகாணத்தில் குவாய் நதிப் பாலம், எரவான் அருவி, புலிக்குகைக் கோயில் என்று ஐந்து இடம். காலை ஏழு மணிக்குக் கிளம்பி இரவு எட்டரைக்கு ஹோட்டலில் விட்டுவிடுவாராம். பணம் கட்டலாமா?

கட்ட வேண்டாம். ஏஜென்ட் பொய் சொல்கிறார் என்பதல்ல. வேன் ஐந்து இடத்துக்கும் போகும், ஐந்து இடத்திலும் படம் எடுத்துக்கொள்ளலாம். ஆனால் அந்த வரிசையில் போனால் எரவானில் நீங்கள் குளிக்கப் போவதில்லை. பாங்காக்கிலிருந்து அவ்வளவு தூரம் போவதே அதற்காகத்தான்.

கணக்குப் போட்டுப் பாருங்கள். ஏழு மணிக்குக் கிளம்பினால் எட்டரைக்கு மேக்லாங். ரயில் வந்து திரும்பிப் போவதைப் பார்த்துவிட்டு வண்டியேற ஒன்பதே கால். தம்னோன் சதுவாக்கில் படகுச் சவாரி, கொஞ்சம் கடை, மணி பதினொன்று. அங்கிருந்து காஞ்சனபுரி சுமார் 100 கிலோமீட்டர். பாலத்தருகே இறங்கும்போது ஒரு மணி ஆகிவிடும். சாப்பாடு, பாலத்தில் நடை, படம் எல்லாம் முடிய இரண்டரை. ஏழடுக்கு எரவான் அருவி அங்கிருந்து இன்னும் 65 கிலோமீட்டர். மூன்றரை மணிக்கு வாசலில் நிற்பீர்கள். மேல் அடுக்குகளுக்கு ஏறுவதை மூன்று மணிக்கு மேல் காவலர்கள் நிறுத்த ஆரம்பித்துவிடுவார்கள், நாலரைக்குப் பூங்காவையே மூடுவார்கள். முதல் இரண்டு அடுக்கைப் பார்த்துவிட்டு, பையன் கால் நனைத்த கையோடு வண்டியேற வேண்டியதுதான். புலிக்குகைக் கோயிலுக்கு வரும்போது இருட்டியிருக்கும்.

இந்த ஊர்ப் பயணத்தில் தூரத்தைவிட நேரம்தான் எல்லாவற்றையும் தீர்மானிக்கிறது. ஒவ்வோர் இடத்துக்கும் அதற்கென்று ஒரு பொழுது உண்டு. எரவான் காலையில்தான் எரவான். எட்டு மணிக்குத் திறக்கிறார்கள். பாங்காக்கிலிருந்து வரும் சுற்றுலா பஸ்கள் பத்தரை, பதினொன்றுக்குத்தான் வந்து சேரும், அதற்குள் நீங்கள் தண்ணீருக்குள் இருக்க வேண்டும். தம்னோன் சதுவாக்கும் காலைச் சந்தைதான், பதினொன்றுக்கு மேல் களை போய்விடும். இரண்டுக்கும் ஒரே காலையைக் கொடுக்க முடியாது. எனவே அருவியைக் காலையில் வைத்துவிட்டு, மற்றதை அதற்குப் பின்னால் அடுக்குங்கள். கோயில் மாலை ஐந்து வரை காத்திருக்கும். சந்தைக்கு மாலையில் கூடும் ஒன்று இருக்கிறது, அதைப் பிறகு சொல்கிறேன்.

முதலில் எரவான். 1975-ல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்ட காடு. சுண்ணாம்புப் பாறை மலையிலிருந்து இறங்கும் ஓடை ஏழு அடுக்காக விழுகிறது. ஏழாவது அடுக்கின் பாறை மூன்று தலை யானையைப் போலத் தெரிவதால் இந்தப் பெயர், அதாவது நம் ஐராவதம்தான். தண்ணீரில் கரைந்திருக்கும் சுண்ணாம்பால்தான் குளங்களுக்கு அந்தப் பச்சைகலந்த நீலம். அதே சுண்ணாம்பு பாறை விளிம்புகளில் படிந்து படிந்து வரம்பு கட்டியதில்தான் குளங்களே உருவாகியிருக்கின்றன. படங்களில் பார்க்கும் நிறம் பொய்யில்லை. ஆனால் செப்டம்பர், அக்டோபரில் பெருமழை பெய்தால் தண்ணீர் செம்மண் நிறமாகிவிடும், மேல் அடுக்குகளை மூடியும் வைப்பார்கள். மார்ச், ஏப்ரலில் தண்ணீர் குறையும். நீங்கள் போகும் நவம்பர் கடைசி நல்ல காலம், அந்த விஷயத்தில் கவலை வேண்டாம்.

அடிவாரத்திலிருந்து ஏழாவது அடுக்கு வரை ஏறக்குறைய இரண்டு கிலோமீட்டர். முதல் மூன்று அடுக்கு வரை பெரியவர்கள் நிதானமாக நடந்துவிடலாம். வாசலிலிருந்து முதல் அடுக்குப் பக்கம் கொண்டுபோய் விட மின்வண்டியும் ஓடுகிறது, சின்னக் கட்டணம்தான். நான்காவதுக்கு மேல் ஏற்றம் கூடும். ஐந்திலிருந்து ஏழு வரை மரப்படிகள், வேர்கள், ஈரப்பாறை என்று மாறி மாறி வரும். அப்பா அம்மாவை இரண்டாவது அடுக்குக் குளத்தருகே உட்காரவைத்துவிட்டு, நீங்கள் பையனுடன் மேலே போய்வருவதுதான் வசதி. அங்கே நிழல் உண்டு, கழிப்பறையும் பக்கம், அருவிக்குப் பின்னால் நீந்திப் போகிறவர்களை வேடிக்கை பார்த்துக்கொண்டிருக்கலாம்.

சாப்பாட்டை இரண்டாவது அடுக்குக்கு மேல் கொண்டுபோக விடமாட்டார்கள். தண்ணீர் பாட்டிலுக்கு ஒன்றுக்கு 20 பாட் முன்பணம் வாங்கிக்கொண்டு எண் எழுதிவிடுவார்கள். திரும்பும்போது காலி பாட்டிலைக் காட்டினால் பணம் கைக்கு வரும். காட்டில் ஒரு பிளாஸ்டிக் பாட்டில்கூடக் கிடக்காததற்கு இந்த 20 பாட்தான் காரணம். குளங்களில் இறங்க லைஃப் ஜாக்கெட் கட்டாயம், வாடகைக்கு அங்கேயே கிடைக்கும். நீச்சல் தெரியும் என்று வாதாடிப் பயனில்லை.

அப்புறம் மீன்கள். குளத்தில் காலை வைத்து அசையாமல் நின்றால் அரை நிமிடத்தில் வந்துவிடும். முதலில் விரல்நீளக் குஞ்சுகள், பின்னால் முழங்கை நீளத்துக்குக் கருத்த பெரிய மீன்கள். கெண்டை வகைதான், வாயில் பல் கிடையாது. பாதத்தின் செத்த தோலைத்தான் கொறிக்கும். குஞ்சுகள் கூச்சம் காட்டும், பெரியது கவ்வும்போது யாராக இருந்தாலும் ஒரு சத்தம் போட்டே தீருவார்கள். கையைக் காலை ஆட்டிக்கொண்டே இருந்தால் கிட்டே வராது. பையனுக்கு அன்றைய நாளில் இதுதான் நினைவிருக்கும். பெரியவர்களில் யாருக்காவது சர்க்கரை நோயால் பாதத்தில் உணர்ச்சி குறைவு, அல்லது புண் இருந்தால் வெறுங்காலோடு இறங்க வேண்டாம். மீனைவிட அந்த வழுக்குப் பாறைதான் ஆபத்து. பிடிப்புள்ள ரப்பர் செருப்போ தண்ணீர் ஷூவோ எல்லோருக்கும் வேண்டும். புடவை, ஜீன்ஸ் இரண்டும் தண்ணீருக்கு ஆகாது. தாய்லாந்துக் குடும்பங்களே டீசர்ட், அரைக்கால் சட்டையோடுதான் இறங்குவார்கள், அதனால் நீச்சலுடை இல்லையே என்று தயங்க வேண்டியதில்லை. நான்காவது அடுக்கில் வழவழவென்று உருண்ட பாறை ஒன்று இருக்கிறது. அதன் மேலிருந்து சறுக்கிக் குளத்தில் விழுவது இளவட்டங்களுக்குப் பெரிய விளையாட்டு. குரங்குகளும் உண்டு. கண்ணாடி, மொபைல், சிப்ஸ் பாக்கெட் மூன்றையும் கைவசம் வைத்துக்கொள்ளுங்கள்.

வெளிநாட்டுப் பெரியவர்களுக்கு நுழைவுக் கட்டணம் 300 பாட். பல பேக்கேஜ்களில் இது விலைக்குள் இருக்காது, வாசலில் வந்து கேட்பார்கள். முன்கூட்டியே எழுத்தில் கேட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

அருவியிலிருந்து பன்னிரண்டரைக்கு இறங்கி, பூங்கா வாசலிலேயே சாப்பிட்டுவிடலாம். சுட்ட கோழி, ஒட்டுச் சோறு, பப்பாளிக்காயில் செய்யும் சோம் தம் என்று வரிசையாகக் கடைகள். ஒன்றேகாலுக்கு வண்டி கிளம்பினால் மூன்று மணிக்குள் புலிக்குகைக் கோயில்.

தாய்லாந்து மொழியில் இதன் பெயர் வாட் தாம் சுவா. இதே பெயரில் தெற்கே கிராபியிலும் ஒரு கோயில் இருக்கிறது, ஆயிரத்து இருநூறுக்கு மேல் படி ஏற வேண்டியது அது. இணையத்தில் அதைப் பற்றிப் படித்துவிட்டு அம்மா அப்பா பயப்படக்கூடும். காஞ்சனபுரியில் இருப்பதற்கு 157 படிதான். ஏற முடியாதவர்களுக்குப் பக்கத்திலேயே சாய்தளத்தில் ஏறும் சின்ன இழுவை வண்டி உண்டு. இன்னொரு குழப்பம், புலிகளோடு படம் எடுத்துக்கொள்ளும் 'புலிக்கோயில்'. அதுவும் காஞ்சனபுரியில்தான் இருந்தது. 2016-ல் அரசு அதிகாரிகள் உள்ளே புகுந்து 137 புலிகளைக் கொண்டுபோனார்கள், உறைபெட்டியில் 40 குட்டிகளின் உடல்களும் கிடைத்தன. அதற்கும் நீங்கள் போகிற கோயிலுக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. இங்கே புலி கிடையாது.

மேலே பொன்னிறக் கண்ணாடிச் சில்லு பதித்த பெரிய புத்தர் உட்கார்ந்திருக்கிறார், வெயிலில் கண் கூசும். அவர் முன்னால் ஒரு வேடிக்கை: உண்டியலாக வைத்த சின்னக் கிண்ணங்கள் இயந்திரப் பட்டையில் வரிசையாக ஊர்ந்து போகின்றன. நாணயத்தைக் கிண்ணத்தில் போட்டால் அது நகர்ந்து போய்ப் பெரிய பாத்திரத்தில் கொட்டிவிட்டுக் கவிழ்ந்து திரும்பும். பக்திக்கு இது பொருந்துமா என்று யோசிக்கத் தோன்றலாம், பிள்ளைகள் மட்டும் சில்லறை தீரும்வரை நகரமாட்டார்கள். பின்னால் இருக்கும் பல அடுக்குக் கோபுரத்துக்குள் படியேறினால் ஒவ்வொரு தளத்திலும் ஜன்னல். கீழே வயல், அப்பால் ஆறு, அணைக்கட்டு, மலை. நவம்பரில் வயல் பச்சையோ மஞ்சளோ எதுவானாலும் பார்க்கப் பார்க்கத் தீராது. ஒட்டினாற்போல் சீன, வியட்நாமியப் பாணியில் இன்னொரு கோயில், வாட் தாம் காவோ நோய். இரண்டும் தோளோடு தோள் நிற்கின்றன.

அருவியில் நனைந்த துணியோடு இங்கே வரக்கூடாது. தோளும் முழங்காலும் மறைய வேண்டும், சன்னதிக்கு வெளியே செருப்பைக் கழற்ற வேண்டும், உட்காரும்போது பாதம் புத்தரை நோக்கி நீளக்கூடாது. பெண்கள் பிக்குகளைத் தொடுவதோ கையில் நேராகப் பொருள் கொடுப்பதோ கூடாது. நம் ஆட்களுக்கு இதெல்லாம் பெரும்பாலும் சொல்லாமலே தெரியும். மாற்றுத்துணியை வேனில் வைக்காமல் அருவிக்கே எடுத்துப் போங்கள், உடை மாற்றும் அறை அங்கே இருக்கிறது.

சரி, சந்தைக்கு வருவோம். மாலைச் சந்தை என்று சொன்னேனே, அது அம்பாவா. சமுத் சோங்க்ராம் மாகாணத்தில் ஒரு கால்வாயின் இரு கரையிலும் பழைய மரவீடுகள். வெள்ளி, சனி, ஞாயிறு மட்டும் மதியத்துக்கு மேல் கூடி இரவு எட்டு, ஒன்பது வரை நடக்கும். கோயிலிலிருந்து நாலு மணிக்குக் கிளம்பினால் ஐந்தரைக்கு அங்கே இருக்கலாம். பாங்காக் திரும்பும் வழியில் பெரிய சுற்று இல்லை. தம்னோன் சதுவாக்கை விட்டுவிட்டு இதற்குப் போகச் சொல்வதற்கு நேரம் மட்டும் காரணமில்லை. தம்னோன் சதுவாக் கால்வாய் நான்காம் ராமர் என்ற தாய்லாந்து மன்னர் காலத்தில், 1866-க்கும் 1868-க்கும் இடையில் வெட்டியது. ஒருகாலத்தில் தோட்டக்காரர்கள் காய்கனி விற்ற இடம். இன்றைக்கு அங்கே படகில் போகிறவர்கள் அநேகமாக வெளிநாட்டவர், விற்பதும் அவர்களுக்கான பொம்மையும் விசிறியும். அம்பாவாவுக்கு வாரக் கடைசியில் வருகிறவர்கள் பாங்காக்கிலிருந்து சாப்பிட வரும் தாய்லாந்துக்காரர்கள். கூட்டம் நெரியும், ஆனால் சந்தை சந்தையாக இருக்கிறது.

படகுகளைக் கரையோரம் கட்டிப்போட்டு, படகுக்குள்ளேயே கரியடுப்பு வைத்து இறாலும் கணவாயும் சுடுகிறார்கள். நீங்கள் கரைப்படியில் குந்தி உட்கார வேண்டும், தட்டு கீழிருந்து மேலே வரும். பார்க்காமல் வரக்கூடாதது பிளா தூ மீன். நம் கானாங்கெளுத்திக்குச் சொந்தக்காரன், அளவில் சின்னது. ஆவியில் வேகவைத்து வட்ட மூங்கில் தட்டில் இரண்டு மூன்றாக அடுக்கி வைத்திருப்பார்கள். தட்டு மீனைவிடச் சின்னது. அதற்குள் அடங்க ஒவ்வொன்றின் கழுத்தையும் முறித்துத் தலையை மடக்கியிருப்பார்கள். மேக்லாங் பிளா தூ என்றாலே 'முகம் வளைந்து, கழுத்து முறிந்து' இருக்க வேண்டும் என்பது அந்த ஊர்ப் பேச்சு. மீன் சாப்பிடுகிறவர்கள் பொரித்ததை வாங்கி மிளகாய்த் தொக்கோடு சாப்பிட்டுப் பாருங்கள். சாப்பிடாதவர்களுக்குப் பம்பளிமாசும் தென்னஞ் சர்க்கரையில் செய்த இனிப்புகளும் இருக்கின்றன, இரண்டும் அந்த மண்ணின் விளைச்சல்.

இருட்டியதும் மின்மினி பார்க்கப் படகு விடுகிறார்கள். ஆற்றோரம் லாம்பூ என்ற சதுப்புநில மரங்களில் கூட்டம் கூட்டமாக மின்னும். மழைக்காலத்தில்தான் அதிகம், நவம்பர் கடைசியில் குறைவாக இருக்கும், நிலா வெளிச்சம் இருந்தால் இன்னும் குறைவு. எதிர்பார்ப்பைச் சின்னதாக வைத்துக்கொண்டு ஏறினால் நல்ல படகுச் சவாரி. நாள் முழுக்க அலைந்த பெரியவர்களுக்கு அது கூடுதல் சுமை என்றால் விட்டுவிடலாம்.

இந்த வரிசைக்கு இன்னொரு அழகும் உண்டு. எரவான் ஓடை போய்க் கலப்பது குவே யாய் ஆற்றில், குவாய் நதி என்பது இதுதான். அந்த ஆறு காஞ்சனபுரி நகரத்தில் குவே நொய்யோடு சேர்ந்து மேக்லாங் ஆகிறது. மேக்லாங்கின் கரையில்தான் புலிக்குகைக் கோயில் பக்கத்து வயல்கள், அதன் கடைமடையில் அம்பாவா, அதற்கும் கீழே ரயில் மார்க்கெட், அப்புறம் கடல். காலையில் குளித்த தண்ணீருக்கு இணையாகவே வேன் கீழே இறங்கி வருகிறது. எந்த கைடும் இதைச் சொல்லிக் கேட்டதில்லை, சொன்னால் பையன் வரைபடத்தை விரித்துவிடுவான்.

ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். நான் சொல்லும் வழியிலும் ஓட்டம் 400 கிலோமீட்டருக்கு மேல் வரும், ஏஜென்ட்டின் வழியும் ஏறக்குறைய அவ்வளவே. குறைவது நிற்கும் இடங்கள், ஐந்திலிருந்து மூன்றாக. அதனால்தான் அருவியில் மூன்றரை மணி நேரம் கிடைக்கிறது. ஆனால் காலை ஐந்தரைக்குக் கிளம்ப வேண்டும், திரும்ப இரவு ஒன்பதரை ஆகும். வெள்ளிக்கிழமையைப் பிடியுங்கள். சனி, ஞாயிறில் எரவானுக்கு உள்ளூர்க் கூட்டமும் வந்துவிடும், திங்கள் முதல் வியாழன் வரை அம்பாவாவில் சந்தை இருக்காது. இரண்டும் ஒத்துவரும் நாள் வெள்ளி ஒன்றுதான்.

ஐந்து இடமும் வேண்டும், அப்பா அம்மாவும் சோரக்கூடாது என்றால் காஞ்சனபுரியில் ஓர் இரவு தங்குங்கள். நான்கு நாளில் இன்னொன்றையும் இதற்குக் கொடுப்பது வீணில்லை, என் யோசனையும் இதுதான். முதல் நாள் காலை ஏழுக்குக் கிளம்பி எட்டரைக்கு மேக்லாங்கில் ரயில் நுழைவதைப் பாருங்கள். 1905 வாக்கில் போட்ட ஒற்றைத் தண்டவாளம். ரயில்பாதையை ஒட்டியே கடைகள், தண்டவாளத்தின் மேலேயே காய்கறிக் கூடைகள். மணி அடித்ததும் கடைக்காரர்கள் கூடாரத் துணியை மடக்குவார்கள், சக்கரம் வைத்த பலகைகளைப் பின்னால் இழுப்பார்கள். தாழ்வான கூடைகளை அப்படியே விட்டுவிடுவார்கள், ரயில் பெட்டி அவற்றின் மேலாகப் போய்விடும். நடக்கும் வேகத்தில்தான் ரயில் வரும், ஆனால் செல்ஃபி கையை நீட்டாதீர்கள். ரயில் கடந்த மறு நிமிடம் துணி மறுபடி விரியும், மிளகாய் விலை பேசுவது விட்ட இடத்திலிருந்து தொடரும். வருகை எட்டரை, பதினொன்று பத்து, இரண்டரை, ஐந்து நாற்பது. புறப்பாடு ஆறு இருபது, ஒன்பது, பதினொன்றரை, மூன்றரை. தாமதம் சகஜம், சில நாள் ரத்தும் ஆகும். நல்ல கைடு காலையிலேயே ஸ்டேஷனுக்குப் போன் போட்டுக் கேட்டுவிடுவார்.

அங்கிருந்து தம்னோன் சதுவாக்கைப் பார்த்துவிட்டுக் காஞ்சனபுரி போய்ச் சாப்பிட்டுவிட்டு, மூன்று மணிக்குக் கோயில், மாலையில் பாலம். மறுநாள் எட்டுக்கே எரவான் வாசலில் இருக்கலாம், மதியம் சாப்பிட்டுப் பாங்காக் திரும்பலாம். ஓட்டுநரும் தூங்கி எழுந்து ஓட்டுவார், அதுவும் முக்கியம்.

பாலத்தைப் பற்றிக் கொஞ்சம் நிறுத்திச் சொல்ல வேண்டும். 1957-ல் வந்த ஹாலிவுட் படத்தால் உலகப் புகழ் பெற்றது. அந்தப் படத்தைப் பார்த்துவிட்டு வந்தவர்கள் குவாய் நதியைத் தேடினார்கள். பாலம் நின்ற இடத்தில் ஆற்றின் பெயரோ மேக்லாங். கடைசியில் 1960 வாக்கில் அந்த ஆற்றின் பெயரையே குவே யாய் என்று மாற்றிவிட்டார்கள். இரும்புப் பாலத்தில் வளைந்த கண்கள் பழையவை, நடுவில் கோணமாக நிற்கும் இரண்டும் 1945 குண்டுவீச்சுக்குப் பிறகு மாற்றியவை. பார்க்க அவ்வளவுதான்.

ஆனால் அந்தத் தண்டவாளம் நமக்கு வெறும் படக்காட்சி இல்லை. ஜப்பானிய ராணுவம் 1942-43-ல் தாய்லாந்தின் பான் போங் பக்கத்திலிருந்து பர்மாவின் தன்பியூசயாட் வரை 415 கிலோமீட்டர் பாதையை ஓராண்டு சொச்சத்தில் போட்டது. அறுபதாயிரத்துக்கு மேற்பட்ட போர்க்கைதிகளில் பன்னிரண்டாயிரத்துக்கு மேல் செத்தார்கள். அவர்களில் கிட்டத்தட்ட 7,000 பேரின் கல்லறைகள் நகரின் நடுவே, புல் வெட்டி, பெயர் பொறித்து, பூச்செடி வைத்துப் பராமரிக்கப்படுகின்றன. கைடுகள் எல்லாரையும் அங்கே இறக்கிவிடுவார்கள். கைதிகளைப் போல மூன்று மடங்கு எண்ணிக்கையில் ஆசியத் தொழிலாளர்கள் வேலை செய்தார்கள். பர்மியர், மலாய்க்காரர், ஜாவாக்காரர், மலாயா ரப்பர்த் தோட்டங்களிலிருந்து ஏமாற்றியும் பிடித்தும் கொண்டுவரப்பட்ட தமிழர். காலரா, மலேரியா, பட்டினி, அடி. இறந்தவர்கள் 90,000 வரை இருக்கலாம் என்று மதிப்பிடுகிறார்கள். அவர்களுக்குத் தனித்தனிக் கல்லறை இல்லை, பெயர்ப் பட்டியலும் இல்லை. பாதையோரம் புதைத்தார்கள், அவ்வளவுதான்.

அந்தப் போர்க் கல்லறைத் தோட்டத்தை ஒட்டியே வாட் தாவோன் வராராம் என்ற கோயில் இருக்கிறது. வியட்நாமிய மரபுக் கோயில் என்பதால் உள்ளூரில் வாட் யுவான் என்பார்கள். பெயரில்லாமல் போன ஆசியத் தொழிலாளர்களின் எச்சங்களைச் சேர்த்துவைத்த நினைவுத் தூபி அங்கேதான். தமிழ்த் தொழிலாளர்களுக்காக 2023-ல் ஒரு நடுகல்லும் வைக்கப்பட்டது. வழக்கமான டூர் எதிலும் இது வராது. ஓட்டுநரிடம் பெயரைச் சொன்னால் கூட்டிப்போவார், கால் மணி நேரம் போதும். பாலத்தில் கால் மணியைக் குறைத்துக்கொண்டு இங்கே போகலாம் என்பது என் அபிப்பிராயம். மலேசியாவில் சொந்தக்காரர்கள் இருந்தால் அவர்கள் வீட்டுப் பெரியவர்களிடம் 'சயாம் மரண ரயில்' என்று கேட்டுப் பாருங்கள், யாராவது ஒருவருக்குத் தாத்தாவோ தாத்தாவின் தம்பியோ போனவராக இருப்பார்.

இனி கைடும் காசும். தாய்லாந்தில் சுற்றுலா கைடு வேலை அந்நாட்டுக் குடிமக்களுக்கு மட்டும் ஒதுக்கப்பட்டது, அரசு உரிமம் வேண்டும், அட்டையைக் கழுத்தில் தொங்கவிட்டிருக்க வேண்டும். 'இந்தியாவிலிருந்தே தமிழ் பேசும் கைடு வருவார்' என்று யாராவது சொன்னால், அவர் குழுவை அழைத்துப் போகும் மேலாளராக இருக்கலாம். அங்கே நின்று விளக்கம் சொல்வது சட்டப்படி கூடாது. பிடித்தால் நடு வழியில் உங்கள் நாள்தான் கெடும். நிறுவனத்துக்கும் சுற்றுலாத் துறை உரிம எண் உண்டு, ரசீதில் இருக்கிறதா பாருங்கள். ஐந்து பேர் என்பதால் ஆளுக்கு இவ்வளவு என்ற கூட்டு டூரைவிடத் தனி வேன் எடுப்பது கட்டுப்படியாகும். நேரமும் உங்கள் கையில் இருக்கும். பெட்ரோல், சுங்கம், ஓட்டுநர் சாப்பாடு, கூடுதல் மணிக்கு எவ்வளவு என்பதை முதலிலேயே பேசிக்கொள்ளுங்கள்.

மலிவான பேக்கேஜ்களில் இடையிடையே ரத்தினக் கடை, லேடெக்ஸ் தலையணைக் கடை, பாம்புக் காட்சி என்று வண்டி நிற்கும். விலை குறைந்ததை அங்கேதான் எடுக்கிறார்கள். மிதக்கும் சந்தையில் தனியார் படித்துறையில் இறக்கிவிட்டு, படகுக்கு ஆளுக்கு இவ்வளவு என்று அங்கே கேட்பதும் உண்டு. யானைச் சவாரியையும் சேர்த்துத் தருகிறோம் என்பார்கள், வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்.

சைவம் சாப்பிடுகிறவர்கள் உங்களில் இருந்தால் ஒரு சொல் போதும்: 'ஜே'. மஞ்சள் கொடியில் சிவப்பு எழுத்தில் எழுதியிருக்கும் கடைகளில் இறைச்சி, மீன், முட்டை, பால் எதுவும் இருக்காது, வெங்காயம் பூண்டுகூட இருக்காது. மற்றக் கடைகளில் 'காய்கறி மட்டும்' என்று சொன்னாலும் மீன் சாறு ஊற்றிவிடுவார்கள், அவர்கள் கணக்கில் அது உப்பு மாதிரி. சோம் தம்மில் காய்ந்த இறால் பொடியும் இருக்கும். எரவான் வாசலில் ஜே கடையை நம்பிப் போக வேண்டாம். காலையில் ஹோட்டலிலிருந்து ரொட்டியோ புளிச்சோறோ கட்டிக்கொள்ளுங்கள், பழம் அங்கே தாராளமாகக் கிடைக்கும்.

ஏஜென்ட்டுக்கு இன்றைக்கே ஒரு செய்தி அனுப்புங்கள். வெள்ளிக்கிழமை, காலை ஐந்தரைக்குப் புறப்பாடு, முதலில் எரவான், பிறகு வாட் தாம் சுவா, பிறகு அம்பாவா, இடையில் கடை எதுவும் வேண்டாம், பூங்கா நுழைவுக் கட்டணம் விலைக்குள் இருக்கிறதா, கைடின் உரிம எண் என்ன. அல்லது ஓர் இரவு தங்கும் திட்டத்தை இதேபோல் எழுதிக் கேளுங்கள். இரண்டில் எதற்கும் அவர் ஒத்துக்கொள்ளாமல் ஐந்து இடப் பட்டியலையே திருப்பி அனுப்பினால், வேறு ஏஜென்ட்டைப் பாருங்கள். நவம்பர் கடைசி சீசன் தொடங்கும் நேரம், நல்ல வேன்கள் சீக்கிரம் போய்விடும்.